பின்மேசைப் புருசன்

காலையில் தன் கையாலேயே அயன் பெட்டியால் மினுக்கி வைத்த சேட்டை வதனி இப்போது தன் கையாலேயே கசக்கிக்கொண்டிருந்தாள். வலது முழங்கை மடிகிற இடத்தில் சுருக்கம் கூட, இடது கையில் அவ்வளவு இல்லை, வயிற்றுப் பக்கம் மேசையில் குனிந்திருந்தால் விழுகிற மாதிரிக் குறுக்கே ஒரு நீட்டுச் சுருக்கம். நேற்று எடுத்த படத்தை போனில் பெரிசாக்கிப் பார்க்கிறதும், தண்ணீர் தெளிக்கிறதும், துணியைப் பிடித்து முறுக்குகிறதும், விரித்துப் பார்த்துக் காணாது என்று திரும்பவும் முறுக்குகிறதுமாக நின்றாள். நேற்றுத் தொடங்கின காட்சியை இன்றைக்குத்தான் முடிக்கிறார்கள். படத்தில் அது அதே பகல், அதே மேசை, யாரும் எழும்பிப் போகவும் இல்லை. நேற்றுக் கசங்கியிருந்த சேட்டு ஒரு இமைப்பொழுதில் மினுக்கி வந்தால் பார்க்கிற சனம் என்ன நினைக்கும் என்று மோரீன் கேட்பாள். ஒரு துண்டுக்கும் அடுத்த துண்டுக்கும் ஒட்டு விட்டுப் போகாமல் பார்க்கிறதுதான் மோரீனுடைய வேலை. எந்தக் கையில் கரண்டி, கப்பில் எவ்வளவு தேத்தண்ணி, எந்தச் சொல்லுக்கு ஆர் திரும்பினது என்று எல்லாம் அவளுக்குக் கணக்கு. மினுக்க வேண்டாம் என்று நேற்றே சொல்லித்தான் விட்டாள். ஆனால் விடிய வந்து சேட்டைக் கொழுவியிலிருந்து எடுத்தவுடன் கை தன் பாட்டில் அயன் பெட்டியைத் தேடிப் போய்விட்டது. ஒருத்தருடைய உடுப்புக் கசங்கிக் கிடக்கப் பார்த்துக்கொண்டு நிற்க ஏலாது அவளுக்கு. ஒருத்தருடைய என்று என்னத்துக்குச் சுற்றி வளைப்பான், நிமலனுடைய. மற்றவர்களுடைய உடுப்பெல்லாம் அப்படியேதான் தொங்குகிறது. கடற்கரையோரம் பூட்டிக் கிடந்த பழைய கஃபே ஒன்றைத்தான் இந்தப் படத்துக்கு வாடகைக்கு எடுத்திருந்தார்கள். அதன் குசினிக்குப் பின்னால், தக்காளிச் சோஸ் பெட்டிகள் அடுக்கிக் கிடந்த சாமான் அறைதான் உடுப்பு அறை. மூலையில் கதாநாயகிக்கு முகப்பூச்சு நடக்கிறது. அவள் கண்ணை மூடி, வாயை மட்டும் அசைத்துத் தன் வசனத்தைச் சொல்லிப் பார்த்துக்கொண்டிருந்தாள். அந்தச் சத்தமில்லாத வாயைப் பார்த்துக்கொண்டிருக்க வதனிக்கு ஏலவில்லை. கண்ணை எடுத்துச் சேட்டில் வைத்தாள்.

சத்தமில்லாமல் வாயசைக்கிறது அவளுக்கும் பழக்கம்தான். இந்த மாதிரிச் சின்னப் படக்காரரிடம் கூட்டம் காட்ட ஆள் இருக்காது. லைட் தூக்குகிறவரும் ஊசி நூல் பிடிக்கிறவளும் தங்கள் வேலை முடிந்த கையோடு கமராவுக்குள் போய் இருக்க வேண்டியதுதான். முன்னால் இருக்கிறவர்கள் பேசுவார்கள், பின்னால் இருக்கிறவர்கள் பேசுகிற மாதிரி வாயை ஆட்ட வேண்டும், மூச்சுக் கூடக் கேட்கக்கூடாது. அவளை உடுப்பு வேலைக்குச் சேர்த்த முதல் நாள் லைட்கார நிமலன் தமிழ் ஆள் என்று கண்டு, அண்ணை இந்தக் கோட்டை ஒருக்காப் போட்டுப் பாருங்கோ என்றுதான் கூப்பிட்டாள். அதற்குள் டைரக்டர் கொலின் வந்து இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்து, நீங்கள் இருவரும் இன்றைக்குப் புருசன் பெண்சாதி, ஆஸ்பத்திரி வாங்குப் பலகையில் போய் இருங்கள் என்று சொல்லிவிட்டுப் போனார். அந்தாளுக்கு மண்ணிறத்தில் ஒரு சோடி தேவை, கையோடு கிடைத்தது. அதோடு அண்ணை என்கிற சொல் அவள் தொண்டைக்குள் இருந்து எடுபட்டுப் போயிற்று. புருசனாய்ப் பக்கத்தில் இருக்கிறவரை அண்ணை என்று எப்படி. பேர் சொல்லிக் கூப்பிடவும் வாய் வராது. இஞ்சருங்கோ என்றால் அது உண்மையாய்க் கட்டினவள் கூப்பிடுகிற மாதிரிப் போய்விடும். ஆகவே இவ்வளவு காலமும் அவரை ஒன்றும் சொல்லிக் கூப்பிட்டதில்லை, கிட்டப் போய் நின்று செருமுவாள், அவர் திரும்புவார். ஆஸ்பத்திரி வாங்கில் தொடங்கினது, பிறகு ஞாயிற்றுச் சந்தை, பிறகு ரயில் மேடை, ஒரு படத்தில் ஆரோ வெள்ளைக்காரரின் செத்தவீட்டில் கறுப்பு உடுத்து நின்றார்கள், ஒரு படத்தில் பஸ்சின் மேல்தட்டில். அந்த பஸ்சை நினைத்தால் இப்போதும் கழுத்தின் வலப் பக்கம் சூடாகிறது. வெளியே குழாய் வைத்து மழை பெய்யப் பண்ணிக்கொண்டிருந்தார்கள், லைட் சரிவரவில்லை என்று காத்திருக்க வைத்தார்கள், முதல் நாள் முழுக்க மகள் சயினிக்குக் காய்ச்சல், கண்ணை மூடினது தெரியாது. எழும்பும்போது அவருடைய தோளில் தலை, படமும் எடுத்து முடிந்திருந்தது, நன்றாக வந்தது என்று கொலின் கை காட்டுகிறார். நிமலன் மட்டும் அசையாமல் அப்படியே இருந்தார், அந்தக் கை மரத்துப்போயிருந்ததை அவர் உதறினதைப் பிறகு கீழே நின்றுதான் கண்டாள். கட்டினவன் கேதீஸ் விட்டுவிட்டுப் போன பிறகு அவள் நித்திரை என்று கொண்டது அந்த மழைக்குள்தான். கேதீஸ் போனது சயினி தவழ முதல். கனடாவில் ஒருத்தியோடு இருக்கிறான் என்று அறிந்து, கோட்டில் விவாகரத்தும் எழுதி முடிந்தது. அவனுடைய தமக்கை ரூபி மச்சாள்தான், என்ரை தம்பி செய்ததுக்கு நான் என்ன செய்ய, ஆனால் உன்னைத் தெருவிலை விடமாட்டன் என்று கூட்டிக்கொண்டு வந்து தன் வீட்டு மேல் அறையைக் கொடுத்தவள். வாய் மட்டும் கத்தரிக்கோல். பஸ் படம் வந்தபோது அதை நிப்பாட்டி நிப்பாட்டிப் பார்த்தாள். நடிப்பெண்டு சொல்லாதை, நீ குறட்டையும் விட்டிருப்பாய் என்றாள். அடுத்த படத்தையும் நிப்பாட்டிவிட்டு, உவன் ஆரடி, எல்லாத்திலையும் உன்ரை மனுசனாய் வாறான் என்று கேட்டாள். லைட் வேலைக்காரர் மச்சாள், வேறை ஆள் இல்லை, அதாலை. வேறை ஆள் இல்லைத்தான் என்றாள் மச்சாள், சிரிக்கவும் இல்லை, கோபிக்கவும் இல்லை. அந்தக் குரலை வைத்து என்ன கணக்குப் பார்க்கிறது. தம்பியின் பெண்சாதி என்று வைத்திருக்கிற வீட்டில் வேறொருத்தர் பேரைச் சொன்னால் மேல் அறையும் இல்லாமல் போகுமோ, அல்லது மச்சாள் இதற்குத்தான் காத்துக்கொண்டிருக்கிறாளோ, ஒன்றும் பிடிபடவில்லை. சயினிக்கு இந்தக் கணக்கெல்லாம் இல்லை. பெற்றவனுடைய முகம் தெரியாத பிள்ளை அது. டீவிக்குக் கிட்டப் போய் நின்று விரல் வைத்து, உது அம்மா, உது படத்து அப்பா என்று சொல்லும். படத்து அப்பா ஏன் படத்திலை மட்டும் வாறவர் என்று ஒருநாள் கேட்டது, வதனி எழும்பிப் போய்ப் பூட்டியிருந்த குழாயைத் திரும்பப் பூட்டினாள்.

சேட்டின் கழுத்துப் பட்டி நேற்று ஒரு பக்கம் சாய்ந்து கிடந்திருக்கிறது. போனில் அந்தச் சாய்வு தெரிகிறது, அதற்கு மேலே, வாய்க்குக் கீழே, அவருடைய பாதி நாடியும் தெரிகிறது. அவள் நாடியை ஒதுக்கிவிட்டுப் பட்டியை மட்டும் பார்க்கத்தான் பார்த்தாள். நேற்று இந்த நேரம் எல்லாம் சரியாய்த்தான் இருந்தது. முன்மேசையில் கதாநாயகனும் கதாநாயகியும் பிரிகிற காட்சி. பின்மேசையில் அவளும் நிமலனும், நடுவில் ஒரு தட்டு சிப்ஸ். கமரா வாசல் பக்கம் நின்றது, ஆகவே முன்மேசைக்கு மேலால் வதனியின் முகம் தெரியும், எதிரே இருக்கிற நிமலனின் முதுகு மட்டும் தெரியும். கொலின் வந்து வதனிக்கு மட்டும் ஒரு வேலை சொன்னார். முன்னால் அவள் கைப்பையைத் தூக்கும்போது உன் புருசன் தட்டைத் தள்ளுவான், நீ வேண்டாம் என்று தலையாட்டு, நன்றாகத் தெரிகிற மாதிரி. அவ்வளவுதான். ஒருதரம் ஆட்டினால் பிறகு எத்தனை தரம் எடுத்தாலும் அதே இடத்தில் அதே ஆட்டல், இல்லாவிட்டால் துண்டுகள் ஒட்டாது, இது வதனிக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை. எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடம் நின்றவள், இங்கிலிசும் அரைகுறை, ஆனால் சொன்னதைச் சொன்ன மாதிரிச் செய்வாள், அதற்காகத்தான் திரும்பத் திரும்பக் கூப்பிடுகிறார்கள். தலையைக் கைப்பையோடு கட்டிவிட்டது போல வைத்துக்கொண்டாள். கைப்பை எழும்பும், தலை ஆடும். மற்ற நேரத்தில் வாய் என்னத்தையும் சொல்லலாம். அவள் வழக்கமாய்ச் சமையலுக்கு வாங்க வேண்டியதைச் சொல்லுவாள், மல்லி, சின்னச் சீரகம், சயினிக்குப் பால்மா. அவர் திருகோணமலை ஆள், மீன் பேராய்ச் சொல்லுவார், சூடை, பாரை, விளைமீன், அதையும் பெரிய குடும்பப் பிரச்சினை கதைக்கிற முகத்தோடு சொல்லுவார், அவளுக்குச் சிரிப்பை அடக்கப் பெரும்பாடு. நேற்றும் பாரையில்தான் தொடங்கினார். எடுத்தார்கள், திரும்ப எடுத்தார்கள், கதாநாயகனுக்கு ஒரு சொல் இடறிக்கொண்டே இருந்தது. கடைசியாய் எடுத்தபோது நிமலன் மீன் ஒன்றும் சொல்லவில்லை. சும்மா பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு சத்தமில்லாமல், ஒவ்வொரு எழுத்தும் உதட்டில் நின்று போகிற மாதிரி ஆறுதலாய்ச் சொன்னார். வதனி, நாங்கள் உண்மையாவே கலியாணம் கட்டுவமா. பிழையாய் விளங்கினது என்று சொல்ல வழியே இல்லை, கண்ணாடியில் எழுதினது போல இருந்தது. தட்டைத் தள்ளினார். முன்னால் கைப்பை எழும்பினது. அவள் தலை ஆடியது. இந்தப் பக்கம், அந்தப் பக்கம், நன்றாகத் தெரிகிற மாதிரி. கொலின் நிறுத்தச் சொல்லி, அருமை என்றார். மோரீன் வந்து தோளில் தட்டி, ஒவ்வொரு தரமும் அச்சொட்டாய் ஒரே மாதிரி, உன்னைப் போல எல்லாரும் இருந்தால் எனக்கு வேலையே இல்லை என்றாள். நிமலன் தட்டில் இருந்த சிப்ஸ் ஒன்றை எடுத்து வாயில் போட்டார், அது ஆறி விறைத்துப் போயிருந்திருக்கும், மென்று விழுங்கினார், எழும்பிப் போய் லைட் வயரைச் சுற்றத் தொடங்கினார்.

அவர் விளங்கிக்கொள்ள மாட்டாரா என்றுதான் இரவு முழுக்க. தலையாட்டச் சொன்னது அவருக்கும் தெரியும்தானே, எத்தனை தரம் ஆட்டினதைப் பார்த்துக்கொண்டுதானே இருந்தவர். ஆனால் கேட்ட மனுசனுக்கு அது எப்படித் தெரிந்திருக்கும். முன்னைய தரமெல்லாம் சிப்சுக்கு ஆடின தலை, அந்தத் தரம் தனக்கு ஆடினதாய்த்தான் தெரிந்திருக்கும். ஆடின தலையோடு அவள் கண்ணாவது வேறு ஏதும் சொன்னதா, வாயாவது திறந்ததா, ஒன்றும் இல்லை, அச்சொட்டாய் ஒரே மாதிரி. பின்னேரம் வீட்டுக்குக் கூட்டிப் போகிற வானில் வழக்கமாய்ப் பின்சீட்டில் அவளுக்குப் பக்கத்து ஆளாய் இருக்கிறவர் முன்னால் போய் டிரைவரோடு இருந்தார், வழி முழுக்க அவருடைய பிடரியைப் பார்த்துக்கொண்டு வந்தாள். ஒரு செருமல் செருமினால் போதும். வான் முழுக்க ஆட்கள். செருமி, திரும்பினால், பிறகு என்ன சொல்லுவது. சத்தத்தோடு அவர்களுக்கிடையில் என்ன கதை இருந்தது இவ்வளவு நாளும், கையைத் தூக்குங்கோ, பொத்தான் தைச்சிட்டன், மழை வரும் போலை. மிச்சமெல்லாம் வாயசைப்புத்தான். காலையிலாவது சொல்லியிருக்கலாம். அவள் கதாநாயகியின் பாவாடை ஓரத்தை மடித்துக்கொண்டு, குண்டூசியெல்லாம் உதட்டில் கவ்விக்கொண்டு குந்தியிருக்கிற நேரம் பார்த்து அவர் கதவடியில் வந்து நின்றார். நேற்று நான் கேட்டதை விடுங்கோ வதனி, பிழையாய் எடுக்காதைங்கோ, இண்டைக்கோடை நான் இந்த வேலைக்கு வரேல்லை, ஸ்கொட்லாந்துப் பக்கம் கடலுக்கை கரண்ட் எடுக்கிற காத்தாடி பூட்டுற இடத்திலை கரண்ட் வேலை, அதுக்கு ஓமெண்டு சொல்லிப்போட்டன், என்றார். கேட்பதற்கு முதலே ஓமென்று சொன்னாரா, அல்லது தலை ஆடினதற்குப் பிறகு இரவோடிரவாய்ச் சொன்னாரா. அதைக் கேட்க வேண்டும், ஆனால் வாய் நிறைய ஊசி, வாயைத் திறந்தால் அந்தப் பெட்டையின் வெறுங்காலில் கொட்டுப்படும். ஊசியை ஒவ்வொன்றாய் எடுத்து முடித்துத் திரும்பினாள், கதவடி வெறுமையாய்க் கிடந்தது. அவர் சேட்டைக் கேட்கக் கூட நிற்கவில்லை. அதற்குப் பிறகுதான் கை அயன் பெட்டியைப் பிடித்தது. இப்போது யோசித்தால் அது விளங்குகிறது. போகிறவருடைய சேட்டு, ஆவி பறக்கப் பறக்க மினுக்கினாள், தோள் மூட்டுக்குள் அயன் பெட்டியின் மூக்கை விட்டு விட்டு, அந்தத் தோளில்தானே. வடக்குக் கடல் எப்படி இருக்குமோ. இந்த யன்னலால் தெரிகிற கடலே சாம்பல் பிடித்துப்போய்க் கிடக்கிறது, அதுக்குள்ளே கம்பத்தில் ஏறி நின்று கரண்ட் வேலை, ஏன் அப்படி ஒரு வேலைக்கு, விழுந்து போனால். சும்மா இரு. அவர் ஆர் உனக்கு. புருசன். பின்மேசைப் புருசன். சிரிப்பும் வரவில்லை. போனால் போகட்டும், சயினிக்கு இருந்தாற்போல ஒரு அப்பாவைக் காட்டி, அவரும் ஒருநாள் கனடாவுக்கோ கடலுக்கோ போய்விட்டால் அந்தப் பிள்ளை தாங்குமா, படத்து அப்பா என்றால் நிப்பாட்டினால் நிற்பார், திரும்ப விட்டால் வருவார், அது எவ்வளவு நல்லது. நல்லதா. மரத்துப்போன கையை உதற நான் எழும்பும்வரைக்கும் பொறுத்த மனுசன். அப்படி ஒருத்தர் பொறுத்திருப்பார் என்று தெரிந்த பிறகு, ஒரு கட்டிலில் தனியே கிடந்து கையை எங்கே வைக்கிறது என்று தெரியாமல் எத்தனை காலம்.

இன்றைக்கும் தலையாட்ட வேண்டும். அதுதான் நெஞ்சில் கல்லாய்க் கிடக்கிறது. அதே காட்சி, அதே கைப்பை, அதே தட்டு, மோரீன் காத்திருப்பாள். ஒரு மனுசனுக்கு நேற்று இல்லையென்று சொன்னது காணாதென்று இன்றைக்கும் அவர் முகத்துக்கு நேரே இல்லை, எத்தனை தரம் எடுக்கிறார்களோ அத்தனை தரமும் இல்லை. பிறகு அவர் வானில் ஏறிப் போய்விடுவார், படம் வரும், ரூபி மச்சாள் நிப்பாட்டி நிப்பாட்டிப் பார்ப்பாள், அந்த இல்லை அப்படியே இருக்கும். ஆட்டாமல் விட்டால் என்ன. ஓம் என்று மேலும் கீழும் ஆட்டினால் என்ன. கொலின் நிறுத்தச் சொல்லுவார், மோரீன் வந்து, உனக்கென்ன நடந்தது என்பாள், முன்மேசையில் அழுகிற பெட்டை திரும்பவும் முதலில் இருந்து அழ வேண்டும், எல்லாரும் திரும்பி அவளைப் பார்ப்பார்கள், அந்தப் பார்வைக்குள் அவள் தலை இன்னும் கீழே போய் ஒன்றும் சொல்லாமல்தான் நிற்கும். தன்னைத் தனக்குத் தெரியும். நேற்றும் அப்படித்தானே, நெஞ்சு முழுக்க வேறொன்று கிடக்கத் தலை தன் வேலையைப் பார்த்துவிட்டது. குசினிப் பக்கம் எதையோ இழுக்கிற சத்தம் கேட்டது. இரும்புக் கால்கள் தரையில் உரசுகிற சத்தம், கமராவைத்தான் கொண்டுபோகிறார்கள், வாசல் பக்கம் முடிந்தது, இன்றைக்குக் குசினி வாசலில் வைத்து அங்கிருந்து பார்க்கப் போகிறார்கள். மோரீன் எட்டிப் பார்த்து, வதனி உன் கொண்டை நேற்றுப் போல இருக்கட்டும், இன்றைக்குக் கமராவில் உன் கொண்டைதான் பெரிசாய்த் தெரியும் என்று சொல்லிவிட்டுப் போனாள். வதனி ஒரு கையில் சேட்டோடு மற்றக் கையால் கொண்டையைத் தடவிப் பார்த்தாள், ஊசி சரியாய்த்தான் இருந்தது. கை அங்கேயே நின்றது. குசினி வாசல் அவள் கதிரைக்குப் பின்பக்கம். அங்கே இருந்து பார்த்தால் அவளுடைய பிடரி, தோள், கொண்டை. அதற்கு அப்பால் நிமலனுடைய முகம். அவளுடைய முகம் ஒருத்தருக்கும் தெரியாது. கொலினுக்குத் தெரியாது, மோரீனுக்குத் தெரியாது, படம் பார்க்கிற மச்சாளுக்கும் தெரியாது. எதிரே இருக்கிற ஆளுக்கு மட்டும். அட, நேற்று அவரும் அப்படித்தானே. அவருடைய முதுகு கமராவுக்கு, முகம் எனக்கு மட்டும். அதுக்காகத்தான் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறார், ஆஸ்பத்திரியிலும் சந்தையிலும் ரயில் மேடையிலும் அப்படியொரு கதிரை வாய்க்கவில்லை, நேற்றுத்தான் வாய்த்தது, பாரையை விட்டுவிட்டு ஆறுதலாய்க் கேட்டார். அவளுக்குக் கன்னம் எரிந்தது. சேட்டில் இன்னும் எவ்வளவு சுருக்கம் வைக்க வேண்டும் என்று பார்க்கிற மாதிரிக் குனிந்துகொண்டாள். கொண்டைக்குத்தானே கணக்கு, வாய்க்கு ஆர் கணக்கு. கொண்டை ஆடட்டும், இந்தப் பக்கம் அந்தப் பக்கம், மோரீன் சந்தோசப்படட்டும். கைப்பை எழும்பும், தட்டு வரும், தலை தன் வேலையைப் பார்க்கும், அந்த நேரம் வாய். வாய் வருமா. சத்தம் வேண்டாமே, சத்தமென்றால்தானே வராது, உதடு மட்டும்தானே. அவள் சோஸ் பெட்டிகளின் பக்கம் திரும்பி நின்று சொல்லிப் பார்த்தாள். தலையை ஆட்டிக்கொண்டு ஓம் என்று சொல்லுவது லேசுப்பட்ட காரியம் இல்லை, தலை போகிற பக்கமே உதடும் இழுபட்டது, திரும்பச் சொன்னாள், தலை ஆட உதடு குவிந்து நின்றது, திரும்பவும். அவருடைய முகத்தைக் கமரா நேரே பார்க்கும், அதில் என்ன வருமோ, என்ன வந்தாலும் படத்தில் நிற்கும், கலங்கலாய்ப் பின்னாலே என்றாலும் நிற்கும். மச்சாள் கண்டுபிடிப்பாள். கண்டுபிடிக்கட்டும், வீட்டுக்குப் போய் நானே சொல்லுவன், மேல் அறை போனால் போகட்டும். காத்தாடிக்கு ஓமெண்டு சொல்லிப்போட்டார் என்றால், போகட்டும், போய் வரட்டும், எத்தனை மாசம் எண்டாலும் இருப்பன், ஆனால் தெரிந்துகொண்டு போகட்டும். ஒருதரம் சொன்னால் காணாது, முதல் தரம் அவர் தட்டைப் பார்த்துக்கொண்டு இருந்தாலும் இருப்பார், என் முகத்தைப் பார்க்க வெட்கப்பட்டு, எடுக்கிற ஒவ்வொரு தரமும் சொல்ல வேண்டும், கதாநாயகனுக்கு இன்றைக்கும் சொல் இடற வேண்டும், இடறிக்கொண்டே இருக்க வேண்டும், ஓம், தலையைப் பார்க்காதைங்கோ, அது அவையள் சொன்ன வேலை, இஞ்சை பாருங்கோ, ஓம், நான் உங்களை எப்பவோ... ஆயத்தமா, வதனி, உன் புருசன் மேசையில் இருக்கிறான், சேட்டு எங்கே, வெளிச்சம் போகிறது, வா என்று கதவடியில் வந்து கொலினின் உதவியாள் ஹெலன் கூப்பிட, அவள் சேட்டை நெஞ்சோடு அணைத்துத் தூக்கிக்கொண்டு, உதடு இன்னும் நிற்காமல் ஓம், ஓம் என்று அசைய மேசையை நோக்கி நடந்தாள்.